லீ ஜே. காப்பை வில்லன் என்று முடித்துவிடலாகாது

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். தங்கள் நாளிதழின் ஞாயிறு இணைப்பில் பழைய ஹாலிவுட் நடிகர்களைப் பற்றி வெளிவரும் தொடரை விடாமல் படித்து வருகிறேன். அதன் அண்மைப் பகுதியில் லீ ஜே. காப் என்னும் நடிகர், மார்லன் பிராண்டோவுக்கும் ஹென்றி ஃபோண்டாவுக்கும் எதிரே நின்று கத்திய முரட்டு வில்லன் என்ற அளவில் இரண்டே வரிகளில் முடிக்கப்பட்டிருந்தார். திரையில் மட்டும் அவரைப் பார்த்தவர்களுக்கு அப்படித் தோன்றுவது இயல்புதான். ஆனால் மேடையையும் திரையையும் சேர்த்து வைத்துப் பார்த்தால், நாற்பது ஆண்டுக் காலம் அவர் விதவிதமாக நடித்துக் காட்டியது தந்தை வேடத்தைத்தான் என்பதும், அந்தத் தந்தையரில் பெரும்பாலோர் அவரைவிட மிகவும் மூத்தவர்கள் என்பதும் விளங்கும். இதை விளக்கிச் சொல்வதற்காகவே இக்கடிதத்தை எழுதுகிறேன்.

காப் 1911 டிசம்பர் 8-ஆம் நாள் நியூயார்க்கில் ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்தார். இயற்பெயர் லியோ ஜேக்கபி. தந்தை ஒரு செய்தித்தாளில் அச்சுக் கோப்பவர். சிறுவயதில் வயலினில் பெயர் எடுத்த பிள்ளை என்றும், மணிக்கட்டு முறிந்ததால் அந்த வழி அடைபட்டது என்றும் அவருடைய வாழ்க்கைக் குறிப்புகள் சொல்கின்றன. 1935-இல் நியூயார்க்கின் குரூப் தியேட்டரில் சேர்ந்தார். பொருளாதாரப் பெருமந்தத்தின் நடுவே, நட்சத்திரம் என்று ஒருவரையும் தூக்கி வைக்காமல், எல்லா நடிகர்களையும் ஒரே குழுவாகப் பயிற்றுவித்த அமைப்பு அது. அங்கே கிளிஃபோர்ட் ஓடெட்ஸ் எழுதிய 'கோல்டன் பாய்' நாடகம் 1937-இல் அரங்கேறியபோது காப்புக்குக் கிடைத்தது பக்கத்து வீட்டுக்காரர் வேடம். 1939-இல் அதே கதை படமானபோது, மகன் வயலின் கலைஞனாக வேண்டும் என்று ஆசைப்பட்டு, அவன் குத்துச்சண்டைக்குப் போவதைக் கண்டு மனம் உடையும் இத்தாலியத் தந்தையாக அவர் நடித்தார். மகனாக நடித்த வில்லியம் ஹோல்டனுக்கு வயது 21; காப்புக்கு 27. அந்தப் படத்தில் அவருடைய ஒப்பனையும் இத்தாலிய உச்சரிப்பும் சற்றுத் தூக்கலாகவே இருக்கும் என்பதை மறுக்க முடியாது. ஆயினும், விலை உயர்ந்த வயலினை மகனுக்காக வாங்கி வைத்திருக்கும் அந்த மனிதரைப் பார்க்கும்போது, காப்பின் சொந்த இளமை நினைவுக்கு வராமல் போகாது. 1952-இல் அந்த நாடகம் நியூயார்க்கின் பெரிய நாடக அரங்குகள் உள்ள பிராட்வேயில் மறுபடி மேடை ஏறியபோதும் தந்தை வேடம் அவருக்கே வந்தது. அப்போது மகனாக நடித்த ஜான் கார்ஃபீல்ட், காப்பைவிட ஏறத்தாழ ஒரு வயதுதான் இளையவர்.

காப்பின் மேடை வாழ்வின் உச்சம் 1949 பிப்ரவரி 10 அன்று நியூயார்க்கின் மொரோஸ்கோ அரங்கில் எலியா கசான் இயக்கத்தில் அரங்கேறிய, ஆர்தர் மில்லரின் 'டெத் ஆஃப் எ சேல்ஸ்மேன்' நாடகம். வில்லி லோமன் என்ற 63 வயது விற்பனையாளர் வேடத்தை ஏற்றபோது காப்புக்கு வயது 37. மூத்த மகன் பிஃபாக நடித்த ஆர்தர் கென்னடி அவரைவிட இரண்டே வயது இளையவர். மில்லர் தம் மனத்தில் கண்ட வில்லி, உருவத்தில் சிறிய மனிதன். தன்னை ஒருவன் 'இறால்' என்று கேலி செய்ததாக அவன் மனைவியிடம் சொல்லிக் குமுறும் வரியும் நாடகத்தில் இருந்தது. பெரிய உடலும் கனத்த குரலும் கொண்ட காப் அந்த வேடத்துக்கு வந்ததும், மில்லர் அந்த வரியைப் பருத்த கடல் விலங்கின் பெயரான 'வால்ரஸ்' என்று மாற்றிக்கொண்டார். எழுதியவரே நடிகருக்காக வரியைத் திருத்திய நிகழ்ச்சி இது.

ஒத்திகையில் நடந்ததை மில்லர் தம் தன்வரலாற்றில் பதிவு செய்திருக்கிறார். காப் நாள் கணக்கில் மேடையில் சும்மா உட்கார்ந்து, வாய்க்குள்ளேயே வசனத்தை முணுமுணுத்துக்கொண்டு, நோய்வாய்ப்பட்டவர் போலக் கிடந்தாராம். மில்லருக்கும் கசானுக்கும் கவலை வந்துவிட்டது. இரண்டாவது வாரம் நடந்துகொண்டிருந்த ஒரு பிற்பகலில், சுற்றிலும் அடுக்குமாடிக் கட்டடங்கள் எழும்பித் தன் வீட்டை அடைத்துவிட்டன என்று வில்லி புலம்பும் இடம் வந்தபோது, காப் திடீரென்று எழுந்து, ஜன்னல் இருக்கவேண்டிய வெற்றிடத்தை நோக்கிக் கையை வீசி, முழுக் குரலில் முழங்கினார். அரங்கப் பொருள் ஒன்றுமில்லாத அந்த மூலையில் கட்டடங்கள் வந்து நிற்பதுபோல் இருந்தது என்றும், தாம் அழுதுவிட்டதாகவும் மில்லர் எழுதுகிறார். இது பிறவி ஆற்றல் மட்டுமன்று; குரூப் தியேட்டரில் கற்ற பயிற்சி, அதாவது பாத்திரத்தை உள்ளே ஊறவிட்டுப் பிறகே வெளியே கொண்டுவரும் முறை, அன்று பலன் கொடுத்தது என்றுதான் நான் கருதுகிறேன். பிலடெல்பியாவில் நடந்த முன்னோட்டக் காட்சியில், திரை விழுந்த பிறகும் கைதட்டல் எழவில்லை. ஆண்கள் முகத்தைப் பொத்திக்கொண்டு உட்கார்ந்திருந்தார்கள். நெடுநேரம் கழித்தே யாரோ ஒருவர் கைதட்டத் தொடங்கினார்.

அந்த நாடகம் 742 காட்சிகள் நடந்தது. ஆனால் ஒவ்வொரு மாலையும் அந்த மனிதனாக மாறிச் சாவது காப்பை வாட்டியது. சில மாதங்களிலேயே விலகிக்கொண்டார். ஆர்தர் கென்னடிக்கு, அமெரிக்க நாடக மேடைக்கு வழங்கப்படும் டோனி விருது கிடைத்தது. நாடகத்தின் பாரத்தைச் சுமந்த காப்புக்குக் கிடைக்கவில்லை, அவ்வாண்டு சிறந்த நடிகருக்கான விருது ரெக்ஸ் ஹாரிசனுக்குப் போயிற்று. 1951-இல் நாடகம் படமானபோது வில்லி வேடம் ஃபிரெட்ரிக் மார்ச்சுக்குப் போனது. மேடைக் கலையின் துயரமே இதுதான்: ஊரே பேசிய நடிப்பு, கண்டவர்களோடு மறைந்துபோகும். தங்கள் கட்டுரையாளர் காப்பைத் திரையில் மட்டும் தேடியதற்கு இதுவும் ஒரு காரணமாக இருக்கலாம்.

அடுத்து வருவதை மறைத்துவிட்டுக் காப்பைப் பற்றி எழுதுவது நேர்மையாகாது. இடதுசாரித் தொடர்புகளை விசாரித்த அமெரிக்கப் பிரதிநிதிகள் சபைக் குழுவின் முன் 1951-இல் சாட்சியம் சொன்ன லாரி பார்க்ஸ் என்ற நடிகர், அத்தொடர்பு உள்ளவர்களில் ஒருவராகக் காப்பின் பெயரையும் சொன்னார். ஏறத்தாழ இரண்டு ஆண்டுகள் காப் அந்தக் குழுவுக்குப் பணியாமல் இருந்தார். வேலை கிடைக்கவில்லை, கடன் ஏறியது, மனைவி மருத்துவமனையில் இருந்தார், குழந்தைகள் இருந்தார்கள். 1953-இல் அவரும் சாட்சியம் சொல்லி, அத்தகைய தொடர்பு உள்ளவர்கள் என்று இருபது பேரின் பெயர்களைக் கொடுத்தார். பின்னாளில் விக்டர் நவாஸ்கி என்ற எழுத்தாளரிடம் தம் நெருக்கடிகளைச் சொல்லி, ஓர் அரசாங்கம் முழுவதும் ஒரு தனிமனிதன்மீது திரும்பும்போது உண்டாகும் அச்சத்தையும் விவரித்தார். அந்த விளக்கத்தால் அவர் பெயர் சொன்னவர்களுக்கு நேர்ந்த இழப்பு குறையாது. மேலே நான் குறிப்பிட்ட ஜான் கார்ஃபீல்ட், அதே குழுவின் முன் 1951-இல் நின்று யார் பெயரையும் சொல்லாமல் வந்து, 1952 மே மாதம் 39 வயதில் மாரடைப்பால் இறந்தார் என்பதை இங்கே பக்கத்தில் வைத்துப் பார்க்கத்தான் வேண்டும். காப்பின் நடிப்பைப் போற்றுகிற நான், இந்தச் செயலைப் போற்றவில்லை.

தங்கள் கட்டுரை வில்லன் என்று சுட்டிய வேடங்களில் முதலாவது, 1954-இல் வந்த 'ஆன் தி வாட்டர்ஃபிரன்ட்' படத்தின் துறைமுகச் சங்கத் தலைவன் ஜானி ஃபிரெண்ட்லி. இவனை வில்லன் என்பதில் எனக்கு மாறுபாடு இல்லை. ஆனால் அந்தப் படத்தை இயக்கிய கசானும், எழுதிய பட் ஷுல்பெர்க்கும், காப்பும் ஆகிய மூவருமே அந்தக் குழுவின் முன் பெயர் சொன்னவர்கள்; படமோ, தன் கூட்டத்தாரின் குற்றத்தைச் சாட்சியாகச் சொல்பவனே வீரன் என்கிறது. அதில் காட்டிக்கொடுக்கப்படும் தலைவனாகக் காப் நடித்தார் என்பது விந்தைதான். அந்த வேடத்துக்காகச் சிறந்த துணை நடிகருக்கான ஆஸ்கர் பரிந்துரை பெற்றார். அதே படத்திலிருந்து கார்ல் மால்டனும் ராட் ஸ்டைகரும் அதே பிரிவில் பரிந்துரைக்கப்பட, விருது வேறொரு படத்தில் நடித்த எட்மண்ட் ஓபிரையனுக்குக் கிடைத்தது. மூவரும் ஒருவர் வாக்கை ஒருவர் பிரித்துக்கொண்டார்கள் என்று எண்ண இடமிருக்கிறது.

இரண்டாவது, 1957-இல் சிட்னி லூமெட் இயக்கிய 'ட்வெல்வ் ஆங்ரி மென்' படத்தின் மூன்றாம் ஜூரி, அதாவது ஒரு கொலை வழக்கில் கூடிப் பேசித் தீர்ப்புச் சொல்லவேண்டிய பொதுமக்கள் பன்னிருவரில் ஒருவர். இங்கேதான் வில்லன் என்ற சொல் அறவே பொருந்தவில்லை. தந்தையைக் கொன்றதாகக் குற்றம் சாட்டப்பட்ட இளைஞனைத் தண்டித்தே ஆகவேண்டும் என்று இவர் பிடிவாதம் பிடிப்பதற்கான காரணம் படத்தின் தொடக்கத்திலேயே வந்துவிடுகிறது. மகனின் படத்தை எடுத்துக் காட்டி, ஒன்பது வயதில் அவன் ஒரு சண்டைக்குப் பயந்து ஓடியதையும், அவனை ஆண்பிள்ளையாக்கத் தான் கண்டிப்பு காட்டியதையும், பதினாறு வயதில் அவன் தன் தாடையிலேயே அறைந்ததையும், இரண்டு ஆண்டாக அவனைப் பார்க்கவில்லை என்பதையும் சாதாரணக் குரலில், ஏதோ வேடிக்கை போலச் சொல்லி நிறுத்துகிறார். மற்ற பதினொருவரும் குற்றமற்றவன் என்ற பக்கம் சேர்ந்த பிறகு இவர் தனியே நின்று ஒவ்வொரு சாட்சியத்தையும் எடுத்துக் கத்தும்போது, மேசைமீது எறிந்த பர்சிலிருந்து அந்தப் படம் வெளியே சரிந்து கிடக்கிறது. பேச்சு நின்றுவிடுகிறது. அதை எடுத்துக் கிழிக்கிறார். கிழித்த கையோடு மேசையில் தலையைச் சாய்த்து, குற்றமற்றவன் என்று விம்முகிறார். முதலிலிருந்தே இளைஞன் பக்கம் நின்ற ஜூரியான ஃபோண்டா, இவருடைய கோட்டை எடுத்து மாட்டிவிடுகிறார். வாசகர்கள் மீண்டும் ஒருமுறை அந்தக் காட்சியைப் பார்த்தால், எட்டு ஆண்டுகளுக்கு முன் மொரோஸ்கோ அரங்கில் மகனிடம் தோற்ற அந்த விற்பனையாளரின் சாயலை ஒருவாறு ஊகித்துக்கொள்ளலாம்.

இடையில் 1955-இல் காப்புக்குக் கடுமையான மாரடைப்பு வந்தது. அப்போது அவருக்கு உதவியவர் பாடகர் ஃபிராங்க் சினாட்ரா. 1963-இல் வந்த 'கம் ப்ளோ யுவர் ஹார்ன்' என்ற நகைச்சுவைப் படத்தில் அதே சினாட்ராவுக்குக் காப் தந்தையாக நடித்தார். இருவருக்கும் வயது வேறுபாடு நான்கே ஆண்டுகள். 1958-இல் 'தி பிரதர்ஸ் கரமசோவ்' படத்தில் இழிகுணம் படைத்த தந்தை ஃபியோடராக நடித்து இரண்டாவது ஆஸ்கர் பரிந்துரை பெற்றார். அதில் அவருடைய மகன்களில் ஒருவராக நடித்த ரிச்சர்ட் பேஸ்ஹார்ட் மூன்று வயதுகூட இளையவர் அல்லர். 1960-இல் 'எக்ஸோடஸ்' படத்தில் பால் நியூமனுக்குத் தந்தை. தொலைக்காட்சியில் 1962 முதல் 1966 வரை 'தி விர்ஜினியன்' தொடரில் பண்ணை முதலாளியான நீதிபதியாக வந்தார். அதில் அவருக்குச் சம்பளம் கிடைத்திருக்கும், வேலை அதிகம் இல்லை.

1966 மே மாதம் சிபிஎஸ் தொலைக்காட்சி 'டெத் ஆஃப் எ சேல்ஸ்மேன்' நாடகத்தைச் சுருக்கி ஒளிபரப்பியபோது, காப் மறுபடி வில்லி லோமனானார். முதல் மேடையேற்றத்தில் மனைவியாக நடித்த மில்ட்ரெட் டன்னாக்கே இதிலும் மனைவி. ஜார்ஜ் சீகல் பிஃபாக நடித்தார். அப்போது காப்புக்கு 54 வயது. முதுமையை நடிக்கவேண்டிய தேவை பாதி குறைந்துவிட்டது. மாரடைப்பும், வறுமையும், அந்தச் சாட்சியமும் கடந்து வந்த முகம் அது. 37 வயதில் அவர் செய்தது இதைவிடச் சிறந்ததா என்று இனி ஒருவரும் ஒப்பிட இயலாது. நமக்குக் கிடைத்திருப்பது இதுதான், இதுவே போதிய சான்று. அக்காலத்திலேயே ஒலித்தட்டாகவும் இந்நாடகத்தை அவர் பதிவு செய்தார். அதில் பெர்னார்ட் என்ற சிறு வேடத்துக்குக் குரல் கொடுத்த டஸ்டின் ஹாஃப்மன், 1984-இல் பிராட்வேயில் வில்லியாக நடித்தார். ஹாஃப்மன் குள்ளமானவர் என்பதால் 'இறால்' மறுபடி வசனத்துக்குத் திரும்பியது. 1968-இன் இறுதியில் காப் நியூயார்க் லிங்கன் சென்டரில் ஷேக்ஸ்பியரின் லியர் மன்னனாக நடித்தார். அங்கே தந்தைக்குப் பிள்ளைகள் மூவரும் பெண்கள் என்பது ஒன்றே மாற்றம்.

கடைசிக் காலத்தில் அவருடைய நடிப்பு தணிந்து அழகு பெற்றது. 1973-இல் வந்த 'தி எக்ஸார்சிஸ்ட்' பேய்ப்படம் என்றே நினைவில் நிற்கிறது. ஆனால் அதில் துப்பறியும் அதிகாரி கிண்டர்மனாக வரும் காப், எலன் பர்ஸ்டின் வீட்டில் காபி குடித்துக்கொண்டே, ஒரு கொலையைப் பற்றிய கேள்விகளை மன்னிப்புக் கேட்கிற குரலில் கேட்டுவிட்டு, புறப்படும்போது நடிகையான அவரிடம் தயங்கித் தயங்கி ஆட்டோகிராஃப் வாங்குவதைப் பாருங்கள். இளம் பாதிரியாரிடம் பேச்சுக் கொடுக்கும்போது, நீங்கள் ஜான் கார்ஃபீல்ட் மாதிரியே இருக்கிறீர்கள் என்கிறார். மேடையில் கார்ஃபீல்டுக்குத் தந்தையாக நின்றவரின் வாயிலிருந்து அந்தப் பெயர் வரும்போது, அது வெறும் வசனமாகவே எழுதப்பட்டிருந்தாலும், தெரிந்தவர்களுக்குச் சுருக்கென்று தைக்கும். 1976 பிப்ரவரி 11 அன்று 64-ஆம் வயதில் காப் மாரடைப்பால் காலமானார்.

ஆகவே தங்கள் தொடர் நூலாக வெளிவருமானால், காப்பைப் பற்றிய அந்த இரண்டு வரிகளை நீக்கி, 1949 மேடையேற்றத்தையும் 1953 சாட்சியத்தையும் ஒருசேரக் குறிப்பிட்டு ஒரு பக்கமாவது எழுதச் செய்யவேண்டும் எனக் கேட்டுக்கொள்கிறேன். 1966-இன் தொலைக்காட்சிப் பதிவைக் கட்டுரையாளர் முதலில் பார்த்துவிட்டு எழுதுவது நல்லது; ஜானி ஃபிரெண்ட்லியை அதற்குப் பிறகு பார்த்துக்கொள்ளலாம்.

இப்படிக்கு,
தங்கள் நெடுநாள் வாசகர்,
காரைக்குடி.