ஏழு வசனம்

அன்புள்ள மகளுக்கு,

ஞாயிற்றுக்கிழமை தொலைபேசியில் உன் குரல் சரியில்லை. "இந்த நாடகத்திலும் எனக்குப் பக்கத்து வீட்டுக்காரி வேஷம்தான் அப்பா, ஏழு வசனம்" என்றாய். நான் ஏதோ உளறிவிட்டுப் போனை அம்மாவிடம் கொடுத்துவிட்டேன். எழுத்தில் என்றால் கொஞ்சம் வடிவாகக் கதைக்கலாம்.

சின்னதில் நீ, எமில் என்ற குழப்படிக்காரப் பையனைப் பற்றிய சுவீடிஷ் படங்களில் வரும் அவனுடைய அப்பாவுக்குப் பயப்படுவாய், ஞாபகமா? "எமீஈல்!" என்று அவர் கத்தினால் எமில் தச்சுக் கொட்டிலுக்கு ஓடுவான், நீ சோபாவுக்குப் பின்னால் ஓடுவாய். அந்தப் படங்களைப் பார்த்துத்தான் நானும் சுவீடிஷ் பழகினேன். என் சுவீடிஷில் திட்டுச் சொற்கள் அதிகம் என்று அம்மா சொல்வது அதனால்தான். சூப்புச் சட்டிக்குள் மகனின் தலை மாட்டிக்கொள்கிறது. அப்பாவின் மனம் கணக்குப் போடுகிறது: சட்டி நான்கு குரோனர், டாக்டருக்கு மூன்று. அப்போ டாக்டரிடம் போனால் ஒரு குரோனர் மிச்சம்!

அந்த அப்பாவாக நடித்த ஆலன் எட்வால் 1924இல் சுவீடனின் யெம்ட்லாந்து மாகாணத்தில், ஹிஸ்மோஃபோர்ஸ் என்ற சின்ன ஊரில் பிறந்தவர். எமில் படங்கள் வந்தது 1971 முதல் 73 வரை. அதற்கு முன்னமே, 1963இல், சுவீடிஷ் இயக்குநர் பெர்க்மனின் 'குளிர்கால வெளிச்சம்' படத்தில் தேவாலயப் பணியாளராக வருகிறார். அந்தப் பணியாளர் ரயில்வேயில் வேலை செய்து உடம்பு முடியாமல் போனவர். பாதிரியாரிடம் மெதுவாகக் கதைக்கிறார்: சிலுவையில் இயேசு பட்ட உடல்வலி பெரிதில்லை, அந்தளவு வலி எனக்கும் இருக்கிறது, கூட இருந்தவர்கள் விட்டுவிட்டு ஓடியதும், கடவுளே கைவிட்டுவிட்டார் என்று அவருக்குத் தோன்றியதும்தான் பெரிய வலி. சொல்லும்போது குரலை உயர்த்தவே மாட்டார். எனக்கு அந்தப் படத்தில் பாதிரியாரை விட இவர்தான் மனதில் நிற்கிறார்.

1982இல் பெர்க்மனின் 'ஃபானியும் அலெக்சாந்தரும்' படம். அதில் எட்வாலுக்கு அப்பா வேஷம். நாடகக் குழுவை நடத்தும் அந்த அப்பா, ஹாம்லெட்டின் தகப்பன் ஆவியாக ஒத்திகை பார்க்கும்போது சரிந்து விழுகிறார். செத்த பிறகு வெள்ளை உடுப்பில் வீட்டுக்குள் வந்து நிற்பார். அதிலே பயமுறுத்தல் ஒன்றும் இல்லை, வெறும் கவலை.

ரஷ்ய இயக்குநர் தர்க்கோவ்ஸ்கியின் கடைசிப் படத்தை, 1986இல் வந்த 'பலி'யைக் கட்டாயம் பார். எட்வால் அதில் தபால்காரர். பிறந்தநாள் பரிசாக ஒரு பெரிய பழைய ஐரோப்பா வரைபடத்தைச் சைக்கிளில் கொண்டுவருவார். விளங்காத சம்பவங்களைச் சேகரிப்பது அவருடைய பொழுதுபோக்கு. கதைத்துக்கொண்டு நின்றவர் திடீரென்று தரையில் விழுவார், எழும்பித் திரும்பவும் கதைப்பார். கிறுக்கனா ஞானியா என்று எனக்கு இன்னும் பிடிபடவில்லை.

அதே 1986இல்தான் ஸ்டாக்ஹோமில் ப்ருன்ஸ்காத்தான் 4இல், நிலத்தடியில், சொந்தமாக ஒரு குட்டித் தியேட்டர் தொடங்கினார். வயது அறுபதைத் தாண்டியிருந்தது. 1997இல் அவர் செத்த பிறகும் அது நடந்தது.

சரி, வெள்ளிக்கிழமை உன் நாடகத்துக்கு மூன்றாவது வரிசையில் இரண்டு இருக்கை எடுத்திருக்கிறேன். முதல் வரிசை வேண்டாம், அம்மாவின் முகத்தைக் கண்டால் உனக்குச் சிரிப்பு வந்துவிடும். அதற்கு முதல் ஒன்று எழுது பிள்ளை: அந்தப் பக்கத்து வீட்டுக்காரி எதற்காக அந்த நேரம் வந்து கதவைத் தட்டுகிறாள்?

அன்புடன்,
அப்பா