அப்பாவிடமிருந்து போனை வாங்கச் சொல்லாதே

ஜெலுத்தோங், பினாங்கு

அன்புள்ள தம்பி,

இங்கே அப்பாவும் நானும் நலம். பெர்த்தில் குளிர் தொடங்கிவிட்டது என்று மருமகள் சொன்னாள். பிள்ளைகளுக்குச் சளி பிடிக்காமல் பார்த்துக்கொள்ளுங்கள்.

போன ஞாயிறு பேசும்போது, "அப்பா கையில் இருக்கிற போனை வாங்கி வைத்துவிடுங்க அம்மா, அந்த கேம் எல்லாம் இனி வேண்டாம்" என்று சொன்னாய். அப்பா பக்கத்திலேயே உட்கார்ந்திருந்ததால் அப்போது நான் எதுவும் பேசவில்லை. கேட்காமல் வந்த ஒரு சந்தாவில் அப்பாவின் போன் கிரெடிட் வாரா வாரம் போன கவலையில்தான் நீ அப்படிச் சொன்னாய் என்று தெரியும். ஆனாலும் அதைச் செய்ய எனக்கு மனம் வரவில்லை. ஏன் என்பதைப் போனில் சொன்னால் பாதியில் நின்றுவிடும், அதனால் எழுதுகிறேன்.

ஸ்ட்ரோக் வந்த பிறகு அப்பாவால் கீழே காப்பிக்கடைக்குப் போக முடிவதில்லை. லிஃப்ட் வரைக்கும் நடப்பார், அதற்கு மேல் கால் ஒத்துழைக்காது. நாற்பது வருசமாகக் காலையில் பசியாறப் போன இடம், பேசிச் சிரித்த ஆட்கள், எல்லாம் ஒரே நாளில் நின்றுபோனது. பிசியோ செய்யும் பெண் வலது கை விரல்களுக்கு ஏதாவது வேலை கொடுத்துக்கொண்டே இருங்கள் என்று சொன்னாள். பயறு பொறுக்கச் சொன்னேன், களிமண் உருட்டச் சொன்னேன், இரண்டு நாளில் சலித்துப்போய் விட்டுவிட்டார். போனில் இருக்கிற இந்தக் கட்டை அடுக்கும் ஆட்டத்தை மட்டும் விடவில்லை. ஒரு கட்டையை விரலால் அழுத்தி, இழுத்து, சரியான இடத்தில் விட வேண்டும். ஒரு வரிசை நிரம்பி மறையும்போது "ஆங்!" என்று ஒரு சத்தம் கொடுப்பார் பார், அடுப்படியில் இருக்கும் எனக்குக் கேட்கும். அது மருந்து என்று நான் சொல்ல வரவில்லை. ஆனால் அந்தக் கையை அவர் தானாக விரும்பிப் பயன்படுத்துவது அந்த ஒரு வேலைக்குத்தான். அதைப் போய் எப்படிப் பிடுங்குவேன்?

ஆட்டத்தில் ஒரு குறையும் இல்லை தம்பி. நடுவில் வந்து விழுகிற விளம்பரம்தான் எல்லாவற்றுக்கும் காரணம். நீ பக்கத்தில் இருந்து பார்த்ததில்லை, அதனால் சொல்கிறேன். ஆட்டம் முடிந்ததும் திரை முழுக்க விளம்பரம் வந்துவிடும். மேல் மூலையில் நொடிகள் ஓடும். அது முடிந்தால் மூடுகிற பெருக்கல் குறி வரவேண்டும் அல்லவா? வராது. இரண்டு அம்புக்குறி வரும். அதைத் தொட்டால் இன்னொரு பக்கம் திறந்து, அதிலும் மறுபடி நொடி ஓடும். கடைசியில் பெருக்கல் குறி வரும்போது எதிர் மூலையில் வரும், வெள்ளைத் திரையில் வெளிர் சாம்பல் நிறத்தில், கடுகு அளவில். அப்பா இடது கையால் வலது மணிக்கட்டைப் பிடித்துக்கொண்டு அதைத் தொடப் பார்ப்பார். விரல் ஒரு நூல் தள்ளிப்படும். உடனே பிளே ஸ்டோர் திறந்துகொள்ளும். திரும்பி வந்தால் அதே விளம்பரம் அங்கேயே நிற்கும். கை நடுங்குகிற மனிதர் இதோடு எத்தனை முறை மல்லுக்கட்டுவார்? இப்படித்தான் அவர் போனில் கேட்காத ஆட்டங்கள் வரிசையாக வந்து குவிந்தன. அந்தச் சந்தாவும் இப்படித்தான் வந்தது. ஏதோ ஒரு பக்கம் திறந்து, "தொடர்க" என்று பச்சைப் பொத்தான் காட்டியிருக்கிறது, அதைத் தொட்டால் மூடிவிடும் என்று நினைத்து அப்பா தொட்டிருக்கிறார். அதற்குப் பிறகு ஓர் ஐந்து இலக்க எண்ணிலிருந்து வாரம் தவறாமல் குறுஞ்செய்தி, ஒவ்வொன்றுக்கும் பிரிபெய்டு கிரெடிட்டில் கழிவு.

பக்கத்து வீட்டுப் பெண் பாயான் லெப்பாஸில் கம்ப்யூட்டர் வேலை பார்க்கிறாள், உனக்குத் தெரியுமே. அவளை உட்கார வைத்து எனக்குப் புரியும்படி சொல்லச் சொன்னேன். விளம்பரத்தைப் பார்ப்பதற்கு ஆட்டம் செய்தவருக்குக் கிடைப்பது சொற்பம், ஆயிரம் பார்வைக்கு இவ்வளவு என்று கணக்கு. அதைத் தொட்டு, காட்டுகிற செயலியை இறக்கிக்கொண்டால் கிடைப்பது பல மடங்கு. அப்படியென்றால் விரல் தவறிப் படுவதும் யாரோ ஒருவருக்கு வருமானம்தான். அந்தக் குறியை ஏன் அவ்வளவு சிறியதாக, அவ்வளவு தாமதமாகக் காட்டுகிறார்கள் என்பது அப்போதுதான் எனக்கு விளங்கியது. தம்பி, உங்கள் அப்பா கவனக்குறைவால் ஏமாறவில்லை. தவறித் தொட வேண்டும் என்றே செய்து வைத்த பொறி அது. நல்ல கை உள்ளவர்களே விழுகிறார்கள்.

இதற்கு விதிகளும் இருக்கின்றன என்று அவள்தான் சொன்னாள். 2022 செப்டம்பர் 30 முதல் கூகுள் பிளேயில் ஒரு விதி நடப்பில் இருக்கிறது. விளையாடிக்கொண்டிருக்கும்போது திடீரென்று முழுத்திரை விளம்பரம் வரக்கூடாது, வருகிற முழுத்திரை விளம்பரத்தையும் 15 நொடிக்குப் பிறகு மூட முடியாமல் வைக்கக்கூடாது. நாமே விரும்பிப் பரிசுக்காகப் பார்க்கிற விளம்பரத்துக்கும், ஆட்டத்துக்குக் குறுக்கே நிற்காத விளம்பரத்துக்கும் விலக்கு உண்டு. இங்கிலாந்தில் விளம்பரங்களைக் கண்காணிக்கும் அமைப்பு 2020-இல், ஊசியை இழுத்து ஆளைக் காப்பாற்றுவது போல் காட்டிவிட்டு உள்ளே வேறு ஆட்டம் வைத்திருந்த ஹோம்ஸ்கேப்ஸ், கார்டன்ஸ்கேப்ஸ் விளம்பரங்களைத் தடை செய்தது. விதி இருந்தும் மீறுகிறவர்கள் இருக்கிறார்கள். அதனால் மீறுகிற ஆட்டத்தைப் பிளே ஸ்டோரில் புகார் செய்கிறேன். ஆட்டத்தின் பக்கத்தில் மேலே மூன்று புள்ளி இருக்கும், அதற்குள் போனால் புகார் செய்யும் இடம் வரும். நம் ஒருவர் புகாரால் என்ன ஆகும் என்று நீ கேட்பாய். நான் செய்வேன், நீயும் செய்.

சரி, நான் என்ன செய்தேன் என்று சொல்கிறேன்.

முதலில் அந்த ஐந்து இலக்க எண்ணுக்கே ஸ்டாப் என்று அனுப்பிச் சந்தாவை நிறுத்தினேன். அதோடு விடவில்லை. தொலைபேசி நிறுவனத்தை அழைத்து, வெளியார் சேவை எதுவும் அப்பா எண்ணிலிருந்து கிரெடிட் எடுக்காதபடி அடைக்கச் சொன்னேன். முதலில் பேசிய பையன் சுற்றி வளைத்தான். தொடர்பு பல்லூடக ஆணையத்துக்குப் புகார் கொடுக்கிறேன் என்றதும் மேலாளரிடம் மாற்றிவிட்டான், வேலை முடிந்தது.

அடுத்து செய்ததுதான் முக்கியம். நீ போன தீபாவளிக்கு வந்தபோது விட்டுப்போன பழைய போன் அலமாரியில் சும்மா கிடந்தது. அதைத் துடைத்து எல்லாவற்றையும் அழித்து, சிம் போடாமல், வைஃபை மட்டும் வைத்து ஆட்டத்துக்கென்றே கொடுத்துவிட்டேன். சிம் இல்லை என்றால் கழிப்பதற்குக் கிரெடிட்டும் இல்லை, வங்கி அனுப்புகிற ரகசிய எண் குறுஞ்செய்தியும் வராது. வங்கிச் செயலி அந்தப் போன் பக்கமே போகாது. எனக்கு உண்மையில் பயம் அந்த வாரக் கழிவு பற்றியே அல்ல. வீடு சுத்தம் செய்யும் சேவை என்று சொல்லி ஏபிகே என்கிற செயலிக் கோப்பை இறக்கச் சொல்லி வங்கிக் கணக்கையே துடைத்தெடுத்த கதைகளை இங்கே செய்தியில் பார்த்துக்கொண்டுதான் இருக்கிறோம். விளம்பரத்திலிருந்து திறக்கும் ஒரு பக்கம் அப்படி ஒன்றை நீட்டினால் அப்பா என்ன கண்டார்? அதனால் பிளே ஸ்டோருக்கு வெளியே எதையும் நிறுவ முடியாதபடி அந்த அனுமதியை அடைத்துவிட்டேன். பிளே ஸ்டோரில் எதையாவது வாங்குவதென்றால் கடவுச்சொல் கேட்கும்படி மாற்றினேன், அது எனக்கு மட்டும்தான் தெரியும். மோசடி நடந்தால் இங்கே மலேசியாவில் உடனே அழைக்க வேண்டிய 997 எண்ணைப் பெரிய எழுத்தில் எழுதிக் குளிர்பெட்டியில் ஒட்டியிருக்கிறேன். நீயும் மருமகளும் அதை மனப்பாடம் செய்துகொள்ளுங்கள், எங்களுக்கு ஒன்று என்றால் முதலில் உன்னைத்தான் அழைப்போம்.

இனி விளம்பரம். கட்டை அடுக்கும் ஆட்டத்துக்கு இணையம் தேவையே இல்லை, விமானப் பயன்முறையில் போட்டால் விளம்பரம் வராது. கொஞ்ச நாள் அப்படித்தான் ஓட்டினோம். அப்புறம் எனக்கே ஒரு மாதிரி இருந்தது. அதைச் செய்தவனும் யாரோ ஒரு வீட்டுப் பிள்ளை, அவனுக்கும் சம்பளம் வேண்டும். தினமும் அப்பாவுக்குச் சந்தோஷம் கொடுக்கிற ஒரு பொருளுக்குக் காசு கொடுப்பதில் என்ன தவறு? ஆட்டத்துக்குள்ளேயே விளம்பரத்தை நீக்க ஒரே ஒரு முறை கட்டணம் என்று இருந்தது, இருபது வெள்ளிக்கு (ரிங்கிட்) குறைவுதான். கட்டிவிட்டேன். இப்போது பரிசு வேண்டுமென்றால் பார் என்று கேட்கிற விளம்பரம் மட்டும் இருக்கிறது, அதை நாமே தொட்டால்தான் வரும். இலவசம் என்று சொல்லி அப்பாவின் நடுங்கும் விரலில் காசு பார்ப்பதைவிட, இவ்வளவு விலை என்று நேராகக் கேட்பதுதான் கௌரவமான வியாபாரம். அப்படிக் கேட்பவனுக்குக் கொடுக்க எனக்குத் தயக்கம் இல்லை.

ஆனால் ஒன்றைக் கவனித்துத்தான் கட்டினேன். விளம்பரத்தை நீக்குகிறோம் என்று சொல்லிவிட்டு, கீழே சின்ன எழுத்தில் வாரத்துக்கு இவ்வளவு என்று போட்டிருக்கிற ஆட்டங்களும் உண்டு. ஒரு முறை கட்டணமா, சந்தாவா என்று பார்க்காமல் விரல் வைக்கக்கூடாது. தவறிக் கட்டிவிட்டால் 48 மணி நேரத்துக்குள் கூகுள் பிளேயில் பணத்தைத் திருப்பிக் கேட்கலாம்.

பக்கத்து வீட்டுப் பெண் போனின் இணைய அமைப்பில் பிரைவேட் டிஎன்எஸ் என்று ஏதோ ஒன்றையும் மாற்றிக் கொடுத்தாள். ஆண்ட்ராய்டு 9 முதல் வந்த போன்களில் அது இருக்கிறதாம். அதில் அட்கார்ட் என்பவர்களின் முகவரியைப் போட்டால் விளம்பரம் அனுப்புகிற இடங்களுக்கே போன் போகாது. எல்லா விளம்பரத்தையும் அது நிறுத்தவில்லை, நிறையக் குறைந்திருக்கிறது.

இதையெல்லாம் தேடிக்கொண்டிருக்கும்போதுதான் விளம்பரமே இல்லாத ஆட்டங்களும் இருக்கின்றன என்று தெரிந்தது. பிளே ஸ்டோரில் ஆட்டத்தின் பெயருக்குக் கீழே "விளம்பரங்கள் உள்ளன" என்று எழுதியிருக்கும், அது இல்லாததாகப் பார்த்து எடுக்க வேண்டும். சைமன் டாத்தம் என்பவர் எழுதிய சின்னச் சின்னப் புதிர்களின் தொகுப்பு ஒன்று இருக்கிறது, காசும் இல்லை, விளம்பரமும் இல்லை, இணையமும் வேண்டாம். அப்பாவுக்கு எண்களை நகர்த்துகிற புதிர் பிடித்திருக்கிறது. அதைவிடப் பெரிய விஷயம், லிச்செஸ். சதுரங்கம். பிரான்சில் தொடங்கியது, நன்கொடையில் நடக்கிறது, உலகம் முழுக்க ஆடுகிறார்கள், ஒரு விளம்பரம் கிடையாது. அப்பா உனக்குச் சதுரங்கம் சொல்லிக்கொடுத்தது ஞாபகம் இருக்கிறதா? பள்ளிப் போட்டிக்கு உன்னை அவர்தானே தயார் செய்தார். காயை இழுத்து விடுவதும் அதே விரல் வேலைதான்.

அதனால் உன்னிடம் நான் கேட்பது ஒன்றுதான். புது டேப்லட் வாங்கி அனுப்பவா என்று கேட்டாய், வேண்டாம். லிச்செஸ்ஸில் பெயர் பதிந்து அந்தப் பெயரை எனக்கு அனுப்பு. அதில் ஒரு நகர்த்தலுக்கு மூன்று நாள் என்று நேரம் வைத்தும் ஆடலாம், உனக்கு வேலை இருக்கும் நாளில் நகர்த்தாவிட்டாலும் பரவாயில்லை. நேருக்கு நேர் ஆடுவதென்றாலும் பெர்த்துக்கும் பினாங்குக்கும் ஒரே நேரம், பிள்ளைகள் தூங்கிய பிறகு ஒன்பது மணிக்கு உட்காரலாம். இரவு மருந்து போட்ட பிறகு அப்பா பத்து மணி வரை முழித்திருப்பார். வேண்டுமென்று தோற்காதே, அவருக்குத் தெரிந்துவிடும்.

போனை வாங்கி வைக்கச் சொன்னதைப் பற்றி அவரிடம் எதுவும் பேச வேண்டாம். அவர் காதில் விழுந்திருக்கும், ஆனால் என்னிடம் கேட்கவில்லை. நீ ஆட அழைத்தாலே போதும்.

அன்புடன்,
அம்மா

பி.கு.: பிள்ளைகளின் டேப்லட்டையும் இந்த வாரமே எடுத்துப் பார். சின்னவன் விளையாடுகிற கார் ஆட்டத்தில் இடையிடையே சூதாட்ட விளம்பரம் வருகிறது, இங்கே வந்திருந்தபோது நான் பார்த்தேன். அந்த ஆட்டத்தை அழித்துவிட்டு, பணம் கொடுத்தாவது விளம்பரம் இல்லாத ஒன்றைப் போட்டுக் கொடு. அவன் அழுதால் என்னை அழை, நான் பேசுகிறேன்.