ஒளிப்பதிவாளரையும் எழுதுங்கள்

மதிப்பிற்குரிய ஆசிரியர் அவர்களுக்கு, வணக்கம்.

தங்கள் ஞாயிறு பதிப்பில் 'பாகீசா' என்ற இந்திப் படத்தைப் பற்றி வெளிவந்த கட்டுரை மீனா குமாரியின் நடிப்பையும் பாடல்களையும் நிறைவாகப் பாராட்டியிருந்தது. ஆனால், அப்படத்தின் ஒளிப்பதிவாளரான ஜோசப் விர்ஷிங் என்ற ஜெர்மானியரின் பெயர் அதில் ஓரிடத்திலும் இல்லாதது எனக்கு வருத்தமளித்தது. 1972இல் படம் திரைக்கு வந்தபோது அவர் உயிரோடு இல்லை. 1967இலேயே பம்பாயில் காலமாகிவிட்டார்.

1903இல் மியூனிக் நகரில் பிறந்து, எமெல்கா ஸ்டுடியோவில் பணியாற்றிய அவர், புத்தரின் வாழ்க்கையைச் சொல்லும் மௌனப்படம் ஒன்றிற்காக 1925இல் முதன்முதலாக இந்தியா வந்தார். பின்னர் பம்பாய் டாக்கீஸ் என்ற படத் தயாரிப்பு நிறுவனம் தொடங்கப்பட்டபோது இயக்குநர் பிரான்ஸ் ஆஸ்டனுடன் மீண்டும் வந்து, 'அச்சூத் கன்யா' (1936) உள்ளிட்ட பல படங்களை ஒளிப்பதிவு செய்தார். 1939இல் போர் மூண்டதும், ஜெர்மானியர் என்பதற்காகவே பிரிட்டிஷ் அரசு அவரைத் தடுப்பு முகாமில் அடைத்தது. விடுதலையான பின்னரும் அவர் பம்பாயிலேயே தம் தொழிலைத் தொடர்ந்தார் என்பது என்னை வியக்க வைக்கிறது.

அவருடைய ஆற்றலை அறிய 1949இல் வந்த 'மஹல்' ஒன்றே போதும். பாழடைந்த மாளிகையில் இரவில் நடக்கும் அக்கதையில், எதைக் காட்டுவது என்பதைவிட எதை இருளில் விட்டுவிடுவது என்பதையே அவர் பெரிதும் சிந்தித்திருக்கிறார். தோட்டத்தில் ஊஞ்சலாடும் மதுபாலா மனிதப் பெண்ணா, ஆவியா என்ற ஐயத்தை வசனத்திற்கு முன்பே ஒளி எழுப்பிவிடுகிறது. ஜெர்மானிய மௌனப்படங்கள் நிழலைக் கையாண்ட முறையை இந்திப் படத்திற்கு இவ்வளவு இயல்பாகப் பொருத்தியவர் வேறு எவரும் இல்லை என்பது என் கருத்து. மலேசியத் தோட்டப்புறங்களின் திடலில் வெள்ளைத் துணி கட்டிப் படம் காட்டிய காலத்தில், இந்தி அறியாத நம் தோட்ட மக்கள் இந்திப் படங்களையும் விரும்பிப் பார்த்தார்கள் என்றால், அதற்குப் பாடல்கள் மட்டுமல்ல, இத்தகைய ஒளிப்பதிவும் காரணமாகும்.

இன்று எங்கள் பாடாங் செராய் வட்டாரத்தில் திருமணங்களையும் கோயில் திருவிழாக்களையும் படமெடுக்கும் இளைஞர்கள் பலர் இருக்கிறார்கள். அவர்களுக்குப் பயன்படும் வகையில் ஒளிப்பதிவாளர்களைப் பற்றிய தொடர் ஒன்றைத் தாங்கள் வெளியிட வேண்டும் என்று கேட்டுக்கொள்கிறேன். விர்ஷிங்கில் தொடங்கி, 'மாயாபஜார்' படத்தின் நிலவொளியைப் படைத்த மார்கஸ் பார்ட்லி வரை எழுதுவதற்கு நிறையவே இருக்கிறது. படப்பிடிப்புகளின்போது விர்ஷிங் எடுத்த நிழற்படங்கள் 2017இல் கோவாவில் கண்காட்சியாக வைக்கப்பட்டன. முறையாக அனுமதி பெற்று அவற்றுள் சிலவற்றையும் தொடரில் சேர்த்தால் மிகவும் நன்றாக இருக்கும்.

இப்படிக்கு,
தங்கள் நீண்டநாள் வாசகர்,
பாடாங் செராய், கெடா