ஞாயிறு மாலை 6 மணி: போலந்துப் படம்

நண்பர்களே, இந்த வாரம் ஆர்தூர் ஷ்மியெவ்ஸ்கியின் 'அவர்கள்' (2007). அரை மணி நேரம்கூட ஓடாது. கத்தோலிக்க மூதாட்டிகள், யூத இளைஞர்கள், இடதுசாரிகள், தேசியவாதிகள் என நான்கு தரப்பையும் ஒரே கூடத்தில் விட்டு, அவரவர் நம்பிக்கையைப் பெரிய சின்னமாக வரையச் சொல்கிறார். பிறகு, அடுத்தவர் வரைந்ததில் பிடிக்காததை மாற்றிக்கொள்ளலாம் என்கிறார். அங்கேதான் வினை! தேவாலய ஓவியத்தின் மூடிய கதவை வெட்டித் திறக்கிறார்கள். போகப்போகத் தீயே வைக்கிறார்கள்.

மூட்டிவிட்டு வேடிக்கை பார்ப்பதெல்லாம் ஆவணப்படமா என்பது என் சந்தேகம். மாணவர்களைக் காவலர், கைதி எனப் பிரித்து நடிக்கவிட்ட உளவியல் ஆய்வான ஸ்டான்ஃபோர்டு சிறைச் சோதனையை மறுபடி நடத்திப் படமாக்கி, 2005 வெனிஸ் பியெனாலே என்ற சர்வதேசக் கலைக் கண்காட்சியில் போலந்து சார்பில் காட்டியவரும் இவரே.

இணைப்பு சனிக்கிழமை வரும். சண்டை போடுபவர்கள் படம் முடிந்தபின் போடவும்.