இரண்டாம் முறை பூசிய நுரை

அன்புள்ள சேகர்,

உன் கடிதம் வந்து பத்து நாளாகிறது. அம்மாவுக்குக் கண்புரை அறுவை நடந்ததால் உடனே எழுத முடியவில்லை. இப்போது பேப்பரைத் தானே எழுத்துக்கூட்டிப் படிக்கிறாள்.

போன ஞாயிறு ஒரு குறும்படம் பார்த்தேன். அமெரிக்க இயக்குநர் மார்ட்டின் ஸ்கார்செஸி இன்னும் பெயர் எடுக்காத நாளில், 1967-ல் எடுத்த 'தி பிக் ஷேவ்'. ஆறே நிமிடம். வசனம் கிடையாது, பன்னி பெரிகனின் பழைய ஜாஸ் பாட்டு மட்டும். வெள்ளை வெளேரென்ற குளியலறைக்குள் ஒருவன் வருகிறான். நுரை பூசிச் சவரம் செய்கிறான். முகம் வழுவழுவென்று ஆகிவிடுகிறது. அப்புறம் மறுபடியும் நுரை பூசுகிறான்.

அங்கேதான் எனக்கு வயிற்றைப் பிசைந்தது. ரத்தம் அதற்குப் பிறகுதான் வருகிறது. வெள்ளைத் தொட்டியில் சொட்டுச் சொட்டாக விழ, அவன் முகத்தில் ஒரு சுளிப்புகூட இல்லை. ஆனால் என்னை உலுக்கியது அந்த இரண்டாவது நுரை. மழிக்க ஒரு முடிகூட மிச்சமில்லை, கை நிற்கமாட்டேன் என்கிறது.

கடைசியில் 'வியட் 67' என்று எழுத்து வருகிறது. வியட்நாம் போரைப் பற்றிய படம் என்பார்கள். சரிதான். எனக்கு நினைவு வந்தது நம் விடுதிக் கண்ணாடி. பத்தொன்பது வயதில் இல்லாத பருவைத் தேடித் தேடிக் கிள்ளிக்கொண்டு அதன்முன் நிற்பேனே, மெஸ் மணி அடித்தாலும் நகராமல். ஒருநாள் நீ ஒன்றும் பேசாமல் சோற்றுப் பருக்கை தடவிச் செய்தித்தாளை அதன்மேல் ஒட்டிவிட்டாய். ஒரு வாரம் உன்னோடு பேசவில்லை. ஆனால் புண் ஆறத் தொடங்கியது அந்த வாரத்தில்தான்.

உன் மகள் மூக்கு கோணல் என்று கல்யாண வீட்டுக்குக்கூட வரமறுப்பதாக எழுதியிருந்தாய். "அழகாத்தானே இருக்கே" என்று சொல்லிச் சொல்லி அலுத்துவிட்டது என்றும். அதை விட்டுவிடு, சேகர். என்னிடமும் எத்தனையோ பேர் சொன்னார்கள், ஒரு சொல்லும் உள்ளே இறங்கவில்லை. இல்லாத குறையைத் தன் உடம்பில் கண்டு தவிக்கும் இது அழகுப் பித்து இல்லை, உண்மையான வேதனை. 1891-லேயே மொர்செல்லி என்ற இத்தாலிய மருத்துவர் இதற்குப் பெயர் வைத்திருக்கிறார். எண்ணத்தையும் கண்ணாடிப் பழக்கத்தையும் மெல்ல மாற்றும் பேச்சுச் சிகிச்சை இருக்கிறது. நல்ல மனநல மருத்துவரிடம் கூட்டிப் போ. மூக்கு அறுவைக்கு மட்டும் அவசரப்பட்டுத் தலையாட்டிவிடாதே. இப்படித் தவிப்பவர்களுக்குப் பெரும்பாலும் அதனால் மனம் ஆறுவதில்லை.

படத்தை அவளுக்குக் காட்டாதே, நீ மட்டும் பார். சனிக்கிழமை எனக்கு லீவு. அவள் சம்மதித்தால் காலை வண்டியிலேயே கிளம்பி வருகிறேன், மூவருமாகப் போவோம்.

அன்புடன்,
கண்ணன்