டொராண்டோவிலிருந்து அப்பாவுக்கு

டொராண்டோ,
பிப்ரவரி கடைசி வாரம்.

அன்புள்ள அப்பாவுக்கு,

நலம். அம்மா, தம்பி, அத்தை எல்லோரும் நலமா? உங்கள் கடிதம் வியாழக்கிழமை வந்தது. தொலைபேசியில் "ம்", "சரி" என்பதற்கு மேல் பேசாதவர் நாலு பக்கம் எழுதியிருக்கிறீர்கள். அதற்கு வாட்ஸ்அப்பில் பதில் போடுவது மரியாதையில்லை.

"செய்தி வாசித்தவளுக்குக் கம்ப்யூட்டர் கம்பெனியில் என்ன வேலை?" என்று பெரியப்பா கேட்டாராமே. வாசிப்புதான் வேலை, வாய் மட்டும் என்னுடையதில்லை. எழுத்தைக் கொடுத்தால் உரக்கப் படிக்கும் மென்பொருளுக்குத் தமிழ் பழக்குகிறோம். நிரல் எழுதுவது மற்றவர்கள். அது படிப்பதைக் கேட்டு, எங்கே தடுக்குகிறது, ஏன் தடுக்குகிறது என்று எழுதிக் கொடுப்பவள் நான். முதலில் 7.15 மணியை "ஏழு புள்ளி ஒன்று ஐந்து மணி" என்று படித்தது. திரு.வி.க. என்றால் ஒவ்வொரு புள்ளியிலும் வாக்கியம் முடிந்துவிட்டதாக நினைத்து நிறுத்தியது. 1,25,000 என்றால் "நூற்று இருபத்தைந்தாயிரம்", லட்சமே தெரியாது. பாட்டிக்கும் பாரதிக்கும் நாம் ஒரே 'பா'தான் எழுதுகிறோம், ஒலி வேறு. உங்களுக்கும் எனக்கும் பழக்கத்தில் வருவதை அதற்குப் பட்டியல் போட்டுக் கொடுக்க வேண்டியிருக்கிறது.

கேட்கிறவர் பின்னால் போய் மறுபடி படிக்க முடியாது, அதனால் வாக்கியத்தைச் சின்னதாக வை என்று வானொலியில் முதல் வாரமே சொல்லிக் கொடுத்தார்கள். அதை இங்கே ஒரு கூட்டத்தில் சொன்னேன், பெரிய கண்டுபிடிப்பு போலக் குறித்துக்கொண்டார்கள். இரண்டு வாரத்தில் முடிக்கும் வேலைக்கு 'ஸ்பிரிண்ட்', அதாவது வேக ஓட்டம், என்று பெயர் வைத்திருக்கிறார்கள். ஸ்டூடியோவில் சிவப்பு விளக்கு எரிந்த நொடியில் பேசியாக வேண்டிய இடத்திலிருந்து வந்தவளுக்கு அது ஓட்டமாகவே தெரியவில்லை. ஒப்பந்தம் ஜூன் வரை. அதற்குப் பிறகு நீட்டிப்பார்கள், எல்லோருக்கும் அப்படித்தான். இதைப் பெரியப்பாவிடம் சொல்ல வேண்டாம்.

அம்மா குளிரைக் கேட்டிருந்தார். போன வாரம் மைனஸ் 18. மூச்சு விட்டால் மூக்குக்குள் முள் குத்துகிறது. நல்ல கோட்டு ஒன்று கிடைத்துவிட்டது, யாரோ ஒரு பருவம்தான் போட்டிருப்பார்கள் போல, புதிதாகவே இருக்கிறது. அறை பாதி தரைக்குக் கீழே இருப்பதால் காற்று அடிப்பதில்லை, கதகதப்புதான். மதியத்துக்குப் புளிச்சாதம் கட்டிக்கொண்டு போகிறேன். வெளிச்சாப்பாடு எனக்கு ஒத்துக்கொள்ளவில்லை.

மேல்வீட்டு ஐயாவைப் பற்றிச் சொல்ல வேண்டும். யாழ்ப்பாணத்துக்காரர், எண்பது வயதிருக்கும், தனியாக இருக்கிறார். வேலைக்கான வாக்கியங்களை இரவில் சத்தமாகப் படித்துப் பார்ப்பேன். ஒரு நாள் மேலிருந்து தடியால் தரையைத் தட்டினார். திட்டத்தான் போகிறார் என்று பயந்துகொண்டே மாடிக்குப் போனால், "பிள்ளை, இன்னும் உரத்து வாசியுங்கள், எனக்குக் காது மந்தம்" என்றார். இலங்கை வானொலி கேட்டு வளர்ந்தவராம். இப்போது தினமும் கேட்டுவிட்டுப் பிழைகளைத் துண்டுச்சீட்டில் எழுதிக் கதவிடுக்கில் செருகுகிறார். பாதி என்னுடைய பிழை, பாதி இந்தியத் தமிழ் பேசுவதே பிழை என்ற வகை. சனிக்கிழமை ஒடியல் கூழ் கொண்டுவந்தார். காரம் தாங்க முடியவில்லை, ஆனாலும் இரண்டு கிண்ணம் குடித்தேன்.

இங்கே இரவு 8.45 ஆகும்போது உங்களுக்குக் காலை 7.15. ஆகாசவாணியின் தமிழ்ச் செய்தியைச் செயலியில் போட்டுவிட்டுச் சமைக்கிறேன். டெல்லியிலிருந்து சரோஜ் நாராயணஸ்வாமி வாசித்த காலத்தில் நீங்கள் சவரக்கத்தியை நிறுத்திவிட்டுக் கேட்பீர்களே, அந்த நேரம். மேட்டூர் அணையின் நீர்மட்டம் எத்தனை அடி என்று நான் வாசித்த நாளில், அடுப்பை அணைத்துவிட்டு அம்மா கேட்டுக்கொண்டிருப்பார் என்பது எனக்கு நிச்சயமாகத் தெரியும். இப்போது நான் சரிபார்க்கும் குரலை எந்த ஊரில், யார் கேட்கப்போகிறார்கள் என்று தெரியாது. நேற்று அதே மேட்டூர் வாக்கியத்தை மென்பொருளுக்குக் கொடுத்தேன். 120 அடி என்று திருத்தமாக, அழகாகப் படித்தது. கொஞ்ச நேரம் எனக்கு எதுவும் எழுத ஓடவில்லை. அதை விடுங்கள்.

தம்பி விஷயம். இன்ஜினீயரிங்கை விட்டுவிட்டுச் செய்தி சேனலில் சேரப் போகிறேன் என்று அவன் சொன்னால் நான் தடுப்பேன் என்று எழுதியிருக்கிறீர்கள். தடுக்க மாட்டேன். சம்பளம் நின்ற மாதங்களில் நான் பட்டதை அவனிடம் மறைக்காமல் சொல்வேன், அவ்வளவுதான். படிப்பை முடித்துவிட்டுப் போகட்டும், அதில் விட்டுக்கொடுக்காதீர்கள். சனிக்கிழமை இரவு, அதாவது உங்கள் ஞாயிறு காலை ஏழரைக்குக் கூப்பிடுகிறேன், எழுந்திருக்கச் சொல்லுங்கள்.

மாடி ஒழுகலுக்குப் பணம் மழைக்கு முன் வந்துவிடும். டாலர் இன்னும் கொஞ்சம் ஏறட்டும் என்றுதான் காத்திருக்கிறேன்.

தாத்தா உயிலில் என் பெயரும் இருப்பதால், பாகப்பிரிவினைக்கு உங்களுக்குப் பவர் எழுதிக் கொடுக்கிறேன். இங்குள்ள இந்தியத் துணைத் தூதரகத்தில் அத்தாட்சி வாங்கி அனுப்புவேன். அது உங்கள் கைக்கு வந்த 3 மாதத்துக்குள் முத்திரைத்தீர்வை கட்டியாக வேண்டும். பெரியப்பா அவசரப்படுத்துகிறார் என்று அதற்கு முன்னால் எதிலும் கையெழுத்துப் போடாதீர்கள். மேற்குப் பக்கச் சுவர் யாருக்கு என்பதை வாய்ப்பேச்சில் விடாமல் பத்திரத்திலேயே எழுதச் சொல்லுங்கள். உயிலின் நகலும் பட்டா நகலும் எனக்கு உடனே வேண்டும். தம்பி படம் எடுக்கும்போது கை ஆடாமல், நான்கு ஓரமும் தெரிய எடுக்கட்டும். போன முறை சர்வே எண் பாதி வெட்டுப்பட்டிருந்தது.

அம்மாவின் முழங்காலுக்கு எந்த டாக்டரிடம் போகிறீர்கள் என்று எழுதவே இல்லையே?

உங்கள் மகள்,
மீனா