சின்னவனின் பூனைக்குட்டிக் கேள்வி

ஸ்காபரோ, கனடா,
வியாழன் இரவு

அன்புள்ள அக்காவுக்கு,

நான் சுகம். நீங்கள், அத்தான், அம்மா, சின்னவன் எல்லாரும் சுகம்தானே. இங்கே குளிர் தொடங்கிவிட்டது, விடிய பஸ்ஸுக்கு நிற்கும்போது காது மரத்துப்போகிறது, மற்றபடி குறை ஒன்றும் இல்லை.

போன ஞாயிறு சின்னவன் ஃபோனில் ஒன்று கேட்டான். பூனைக்கு சி போட்டு கேட், பூனைக்குட்டிக்கு மட்டும் ஏன் மாமா கே போட்டு கிட்டன் என்று. வேலைக்கு நேரமாகிவிட்டது என்று சொல்லி வைத்துவிட்டேன். உண்மையில் எனக்குத் தெரியாது. செவ்வாய்க்கிழமை இங்கிலீஷ் வகுப்பில் (புதிதாக வந்தவர்களுக்கு அரசாங்கம் இலவசமாக நடத்துகிற லிங்க் வகுப்புத்தான்) ரீச்சரிடம் கேட்டுவிட்டேன். வாட்ஸப்பில் சொன்னால் அவன் பாதி கேட்டுவிட்டு ஓடிவிடுவான், அதுதான் கடிதம்.

சி பக்கத்தில் நிற்கிறவரைப் பார்த்துத்தான் வாய் திறக்குமாம். பின்னால் ஈ, ஐ, வை இந்த மூன்றில் ஒன்று வந்தால் 'ஸ': சென்ட், சிட்டி, சீமெந்து. மற்ற இடத்தில் பெரும்பாலும் 'க': கார், கப், கிரிக்கெட். கிட்டனுக்கு சி போட்டால் பின்னால் ஐ நிற்கிறதே, 'சிட்டன்' என்று வாசிக்க வேண்டி வரும். பழைய இங்கிலீஷில் கிங் என்பதையே சி போட்டுத்தான் எழுதினார்களாம். 1066-இல் நோர்மண்டிக்காரர் வந்து ஆட்சியைப் பிடித்த பிறகு, பிரெஞ்சு பழகிய எழுத்தர்கள் சி-யை இப்படி இடம் பார்த்து வாசிக்கிற தங்கள் பழக்கத்தையும் கூடவே கொண்டுவந்தார்கள், அப்புறம் கிங்கைக் காப்பாற்ற கே தேவைப்பட்டது. பழைய லத்தீனில் சி எப்போதும் 'க' தான். சீசரை அந்தக் காலத்து ரோமாபுரியில் 'கைசர்' என்றுதான் கூப்பிட்டிருப்பார்கள்.

ஜி-யும் இதே சாதிதான், பின்னால் அந்த மூன்றில் ஒன்று வந்தால் 'ஜ', மற்ற இடத்தில் பங்கில் வருகிற 'க' மாதிரி, ஆனால் சொல்வழி கேளாத பிள்ளை. ஜெனரல், ஜிம், ஜின்ஜர் எல்லாம் ஒழுங்காக வரும், பிறகு பார்த்தால் கெட், கிவ், கேர்ள் என்று தினமும் வாயில் வருகிற சொற்களே முரண்டு பிடிக்கும். அவை பிரெஞ்சு வழியாக வராதவை, அந்தச் சட்டம் அவைக்கு ஒட்டவில்லை. இந்தக் கெட், கிவ்வை நம்பி நான் ஒரு நாள் ஜெரார்ட் வீதியைக் 'கெரார்ட்' என்று கேட்டு, ட்ராம் ஓட்டுகிறவர் அப்படி ஒரு வீதியே இல்லை என்று கையை விரித்துவிட்டார். நான் இருக்கிற ஏஜின்கோர்ட்டையும் முதல் மாதம் 'அகின்சோர்ட்' என்றுதான் சொல்லித் திரிந்தேன். இப்போது பார்த்தால் ஜி-க்குப் பின் ஐ, சி-க்குப் பின் ஓ, பெயரிலேயே விடை இருக்கிறது.

ஆனால் உண்மையான கூத்து இறைச்சிக் கடையில்தான் நடந்தது. ஆட்டிறைச்சி வாங்கப் போனேன். வீட்டில் கொப்பியில் 'கோட்' என்று எழுதிப் பாடமாக்கிக்கொண்டு போய், இரண்டு பவுண்ட் கோட் தாருங்கள் என்றேன். அந்த மனிசன் என்னை ஒருமுறை பார்த்தார், தன் குளிர்ச்சட்டையின் கொலரைப் பிடித்து இதுவா என்று கேட்டார். வரிசையில் நின்றவர்கள் எல்லாம் சிரிப்பு. ஆடும் 'கோட்', போடுகிற சட்டையும் 'கோட்', என் கொப்பியில் இரண்டுக்கும் ஒரே க. அவர்கள் ஆட்டுக்கு ஜி-யும் சட்டைக்கு சி-யும் வைத்திருக்கிறார்கள், நமக்குச் சொல்லின் முதலில் க வந்தால் அது தொண்டையில் இடித்துத்தான் வெளியே வரும்.

அன்று இரவு படுத்துக்கொண்டு யோசித்தேன். பக்கம், பங்கு, பகல் மூன்றையும் சொல்லிப் பாருங்கள் அக்கா. ஒரே க, மூன்று சத்தம். இரட்டித்தால் கடினம், ங-வுக்குப் பின் வந்தால் மெது, இரண்டு உயிருக்கு நடுவில் மூச்சு மாதிரி. நம்முடைய ஊருக்கே சிலர் திருகோணமலை என்கிறார்கள், சிலர் ஒரு 'க்' கூடப் போட்டுத் திருக்கோணமலை என்று எழுதுகிறார்கள், வாசித்துப் பாருங்கள், இரண்டும் ஒரே சத்தமா? வல்லினம் மெல்லினம் என்று பள்ளிக்கூடத்தில் கத்திக் கத்திப் பாடமாக்கினோம், இதை ஒருவரும் சொல்லித் தரவில்லை. சொல்லித் தரத் தேவையும் இல்லை, வாய்க்குத் தெரிந்திருக்கிறது. இங்கத்தைய பிள்ளைகளுக்கு சி-யும் அப்படித்தான் போல, அதனால்தான் நான் கேட்டபோது ரீச்சரே ஒரு நிமிஷம் யோசித்துவிட்டுத்தான் சொன்னார்.

சின்னவனுக்கு ஒரு வேலை கொடுங்கள். சைக்கிள் என்பதை இங்கிலீஷில் எழுதச் சொல்லுங்கள், இரண்டு சி வரும், எது எந்தச் சத்தம், ஏன் என்று சொல்ல வேண்டும். அப்புறம் அதே சைக்கிளில் போய், கராஜ் என்று போர்டு போட்டிருக்கிற இடத்தில் நின்று இரண்டு ஜி-யையும் பார்க்கட்டும். போகும்போது மெதுவாகப் போகச் சொல்லுங்கள், மான்கள் வீதியில் படுத்திருக்கும்.

அம்மாவின் முழங்கால் வலி எப்படி? அடுத்த மாதம் இங்கே வருகிற ஆரிடமாவது கொஞ்சம் கருவாடு கொடுத்து அனுப்புங்கள், நன்றாகச் சுற்றி.

அன்புடன்,
தம்பி